மனக்கோட்டையும் காற்றுக் கோட்டையும்

(வெள்ளி விழாவை ஒட்டி இளைஞர் பிரிவினர் நடத்திய கூட்டத்தில் ஆற்றிய உரை)

 

கல்விச் சங்கத்தின் வெள்ளி விழாவில் கல்வியைப் பற்றிப் பேசுவதே மரபு. எனக்கு முன் பேசியவர்கள் அதனைச் செவ்வனே செய்துவிட்டார்கள். எனக்குத் தரப்பட்ட தலைப்பைக் கேட்டுச் சிலர் சிரித்தார்கள் என்று அறிகிறேன். பிறந்தநாள் விழாக்களிலும், கோயில் திருவிழாத் திடல்களிலும், பள்ளி ஆண்டு விழாக்களிலும் குழந்தைகள் ஏறிக் குதிக்கிறார்களே, காற்றடைத்த கோட்டை. ஜம்பிங் பலூன் என்று நம் பிள்ளைகள் அழைக்கிறார்களே, அதனை வாடகைக்கு விடும் தொழிலை நட்டமின்றி, ஆபத்தின்றி, பல்லாண்டு நிலைத்து நடத்துவது எவ்வாறு என்பதே தலைப்பு. இது சிரிப்பதற்குரியதன்று. தாயின் கழுத்துச் சங்கிலியையும் தங்கையின் வளையலையும் அடகு வைத்து இத்தொழிலில் இறங்க நம் இளைஞர்கள் முற்படுகிறார்கள். நகை மீளுமா, ஏலத்தில் மூழ்குமா என்ற கேள்வி இதில் அடங்கியிருக்கிறது. அதைவிடப் பெரிதாக, பிறர் வீட்டுக் குழந்தைகளின் உயிரும் அடங்கியிருக்கிறது.

நம் தந்தையர் காலத்தில் இப்பகுதியின் சோறு ஆலைகளில் வெந்தது. 1961-ல் ஆவடியில் கனரக வாகனத் தொழிற்சாலை அமைந்தது. படையினருக்குச் சீருடை தைக்கும் தொழிற்சாலையும் அவ்வூரிலேயே எழுந்தது. 1964-ல் அம்பத்தூர்த் தொழிற்பேட்டை உருவாயிற்று. நம்மவரில் படித்தோர் இடஒதுக்கீட்டின் வழியே மைய அரசுத் தொழிற்சாலைகளுக்குள் தலைநிமிர்ந்து நுழைந்தார்கள். படிக்க வாய்ப்பற்றோர் தொழிற்பேட்டையில் மூட்டை சுமந்தார்கள். இரும்புச் சீவலைக் கூட்டினார்கள். கூட்டியவரிற் சிலர் பார்த்துப் பழகியே லேத்தில் நின்றார்கள். இன்று நிலைமை வேறு. படைக்கலத் தொழிற்சாலைகள் 2021 அக்டோபரில் அரசுடைமைக் கம்பெனிகளாகப் பிரிக்கப்பட்டன. தொழிற்பேட்டையிலோ ஒப்பந்தக் கூலி முறை வேரூன்றிவிட்டது. ஐ.டி.ஐ. முடித்த பிள்ளை சில மாதங்கள் வேலை பார்க்கிறான். பிறகு வாயிற்கதவில் நிறுத்தப்படுகிறான். ஆகவே சொந்தத் தொழில் என்ற எண்ணம் அவனுக்கு வருவதில் வியப்பில்லை.

அந்த எண்ணத்தை நான் வரவேற்கிறேன். ஆயின் ஒன்றை நினைவூட்டுவேன். அண்ணல் அம்பேத்கர் கொலம்பியாவிலும் இலண்டனிலும் பொருளாதாரம் கற்றவர். 1917-ல் பரோடா சமஸ்தானப் பணிக்குச் சென்றபோது அவருக்குத் தங்க இடம் கிடைக்கவில்லை. பார்சி விடுதியிலிருந்து விரட்டப்பட்டார். பின்னர் பம்பாயில் முதலீட்டு ஆலோசனைத் தொழில் ஒன்றைத் தொடங்கினார். அவர் இன்னார் என்று தெரிந்ததும் வாடிக்கையாளர் விலகினர், தொழில் நின்றது. நாணயக் கொள்கையைப் பற்றி 1923-ல் உலகம் மதிக்கும் நூல் எழுதிய அறிஞருக்கே அங்காடியில் நேர்ந்தது இது. நமக்குத் தொழில் கடினமாக இருப்பதற்கு நம் திறமைக் குறைவு மட்டுமே காரணம் என்று எவரேனும் சொன்னால் நம்பாதீர்கள். அதற்காகக் கணக்கை எழுதாமலும் இருந்துவிடாதீர்கள்.

இனித் தொழிலுக்கு வருகிறேன். இந்தக் கோட்டை பிறந்த கதை சுவையானது. அமெரிக்காவின் லூசியானா மாநிலத்தில் ஜான் ஸ்கர்லாக் என்னும் பொறியாளர் 1950-களின் இறுதியில் டென்னிஸ் ஆடுகளத்தை மூடுவதற்குக் காற்றடைத்த உறை ஒன்றைச் செய்தார். அவருடைய பணியாளர்கள் அதன்மேல் ஏறிக் குதித்து மகிழ்வதைக் கண்டார். உறையைக் காட்டிலும் குதிப்பதற்கே கிராக்கி அதிகம் இருக்கும் என்று அவருக்குத் தோன்றிற்று. குடும்பமாகச் சேர்ந்து அதனை வாடகைத் தொழிலாக வளர்த்தார்கள். ஆக, இது தொடக்கத்திலிருந்தே வாடகைத் தொழில். நம் ஊர்ப் பந்தல்காரரும் பாத்திரக் கடைக்காரரும் நடத்துவது போன்றது. பந்தல்காரரின் மூங்கிலும் வாடகைப் பாத்திரக்காரரின் அண்டாவும் எவ்வாறு திரும்பத் திரும்பச் சென்று முதலை மீட்கின்றனவோ, அவ்வாறே இதுவும் மீட்க வேண்டும். ஒரு வேறுபாடு உண்டு. அண்டா இருபது ஆண்டு உழைக்கும். நம் வெயிலில் கிடக்கும் பிளாஸ்டிக் துணி அவ்வளவு உழைக்காது.

அதன் அமைப்பை அறிந்துகொள்ளுங்கள். பாலியெஸ்டர் இழைத் துணியின்மேல் பி.வி.சி. பூசிய தார்ப்பாய் போன்ற பொருளால் அது தைக்கப்படுகிறது. தையல் வழியே காற்று ஓயாமல் கசியும். கசிய வேண்டும் என்றே அவ்வாறு தைக்கிறார்கள். ஆகவே புளோயர் எனப்படும் ஊதல் விசிறி இடைவிடாது ஓடிக்கொண்டிருக்க வேண்டும். விசிறி நின்றால் ஓரிரு நிமிடங்களில் கோட்டை சரியும். பதினைந்தடிச் சதுரக் கோட்டைக்கு ஒன்று அல்லது ஒன்றரைக் குதிரைத்திறன் விசிறி போதும். எட்டு மணி நேரம் ஓடினால் ஏறத்தாழ ஒன்பது யூனிட் மின்சாரம் செலவாகும். சுருட்டிக் கட்டிய கோட்டையை ஒருவரால் தூக்க இயலாது. நம்மவர் குட்டி யானை என்றழைக்கும் சிறு சரக்கு வண்டி வேண்டும், குறைந்தது இரண்டு ஆட்கள் வேண்டும்.

கணக்கை இப்பொழுது பார்ப்போம். ஒரு கோட்டையை விசிறியுடன் 1,20,000 ரூபாய்க்கு வாங்கியதாக வைத்துக்கொள்வோம். ஒரு நாள் வாடகை 3,500 ரூபாய் என்று கொள்வோம். வண்டிக்கு 1,000, இரண்டு ஆட்களுக்கு 1,400, மின்சாரம் அல்லது ஜெனரேட்டருக்கு 300, ஆக 2,700 செலவு. மீதி 800 ரூபாய் இலாபம் என்று நம் இளைஞர் கருதுகிறார்; மகிழ்ச்சியுடன் வீட்டுக்குப் போகிறார். அந்த 800 இலாபமன்று. கோட்டை நான்கு ஆண்டு உழைக்கும் என்றால் ஆண்டுக்கு 30,000 ரூபாய் தேய்மானம். ஆண்டில் 80 நாள் வாடகைக்குப் போனால் நாளொன்றுக்கு 375. கிழிசல் தைப்பதற்கும் கழுவுவதற்கும் 150 ஒதுக்க வேண்டும். காப்பீட்டுக்கு 75 என்று கொள்வோம். மொத்தம் 3,300 ஆயிற்று. எஞ்சுவது 200 ரூபாய். வாங்கிய கடனுக்கு 12 விழுக்காடு வட்டி என்றால் முதலாண்டில் 14,400 ரூபாய், நாளொன்றுக்கு 180. இப்பொழுது எஞ்சுவது எவ்வளவு? இருபது ரூபாய். விடியற்காலை புறப்பட்டு நள்ளிரவில் திரும்பிய உரிமையாளரின் கூலி அது.

இவை நான் எடுத்துக்கொண்ட எண்கள். உங்கள் எண்கள் வேறாக இருக்கும். ஆயினும் கணக்கின் எலும்புக்கூடு இதுவே. போட்டியாளர் 3,000 ரூபாய்க்கு விடுகிறார் என்று கேள்விப்பட்டவுடன் 2,800-க்கு இறங்காதீர்கள். அவர் தேய்மானத்தைக் கணக்கிடாமல் தம் கோட்டையையே தின்றுகொண்டிருக்கிறார். நான்காம் ஆண்டில் துணி கிழியும்போது புதிது வாங்கப் பணம் இராது. அவர் கடையை மூடுவார். அதுவரை நீங்கள் நிற்க வேண்டும். தேய்மானத் தொகையை ஒவ்வொரு வாடகையிலிருந்தும் எடுத்துத் தனி வங்கிக் கணக்கில் போடுங்கள். அந்தக் கணக்கின் அட்டையை அம்மாவிடம் கொடுத்துவையுங்கள். வேடிக்கைக்காகச் சொல்லவில்லை. நம் வீடுகளில் பணத்தைப் பாதுகாத்தவர்கள் தாய்மார்களே.

தண்டல் பணத்தில் இத்தொழிலைத் தொடங்கவே கூடாது. 10,000 ரூபாய் கடன் என்று எழுதி, 1,500 பிடித்துக்கொண்டு 8,500 கையில் தருவார்கள்; நாளுக்கு நூறு வீதம் நூறு நாள் கட்ட வேண்டும். கேட்பதற்கு எளிது. முதல் நாள்தோறும் குறைந்துகொண்டே வருவதையும் சேர்த்துக் கணக்கிட்டால் ஆண்டு வட்டி நூறு விழுக்காட்டைத் தாண்டிவிடும். காய்கறி விற்பவருக்காவது அன்றாடம் காசு புரளும். காற்றுக் கோட்டைக்கு மழை மாதத்தில் மூன்று வாரம் வரவே இராது, தண்டல்காரர் மட்டும் தவறாமல் வருவார். அளவுமீறிய வட்டியைத் தடுக்கும் தமிழ்நாட்டுச் சட்டம் 2003-லேயே வந்துவிட்டது. அச்சட்டம் வந்து காப்பாற்றும் வரை காத்திராமல் கடன் வாங்குமுன் யோசிப்பது மேல்.

அரசின் வழிகள் உள்ளன. 1974-ல் தொடங்கப்பட்ட தாட்கோவை நாம் அறிவோம். 2023-ல் தமிழ்நாடு அரசு அண்ணல் அம்பேத்கர் தொழில் முன்னோடிகள் திட்டத்தைக் கொண்டுவந்தது. பட்டியலின, பழங்குடியினத் தொழில்முனைவோருக்கு முதலீட்டில் 35 விழுக்காடு மானியம், அதிகபட்சம் ஒன்றரைக் கோடி. கடனுக்கு 6 விழுக்காடு வட்டிச் சலுகை என்பன அதில் அறிவிக்கப்பட்டவை. மாவட்டத் தொழில் மையத்தில் விண்ணப்பிக்க வேண்டும். இங்கே நம் பகுதியினர் கவனிக்க வேண்டிய நுட்பம் ஒன்று உண்டு. அம்பத்தூர் வட்டம் 2018-ல் சென்னை மாவட்டத்துடன் சேர்க்கப்பட்டது. ஆவடியும் பூந்தமல்லியும் திருவள்ளூர் மாவட்டத்திலேயே உள்ளன. தெருவுக்கு இந்தப் பக்கம் ஒரு மாவட்டம், அந்தப் பக்கம் மற்றொன்று. தவறான அலுவலகத்தில் மனுவைக் கொடுத்துவிட்டு மாதக்கணக்கில் அலையாமல் முதலில் வட்டத்தைப் பாருங்கள். உத்யம் பதிவு 2020 ஜூலை முதல் நடைமுறையில் உள்ளது. அதற்குக் கட்டணமே இல்லை. பதிவு செய்து தருகிறேன் என்று ஆயிரம், இரண்டாயிரம் கேட்கும் இடைத்தரகரிடம் போகாதீர்கள். நம் சங்கத்து நூலகத்தில் கணினி இருக்கிறது. நம் பிள்ளைகளே செய்து தருவார்கள்.

அப்பதிவு வெறுந்தாள் அன்று. பெரிய நிகழ்ச்சி ஏற்பாட்டாளர்கள் வேலையை வாங்கிக்கொண்டு மூன்று மாதம், நான்கு மாதம் பணம் தராமல் இழுத்தடிப்பது உங்களுக்குத் தெரியும். 2006-ஆம் ஆண்டின் குறு, சிறு, நடுத்தரத் தொழில் வளர்ச்சிச் சட்டப்படி, பதிவு பெற்ற சிறு தொழிலுக்கு 45 நாளுக்கு மேல் பாக்கி வைக்கக் கூடாது. வைத்தால் ரிசர்வ் வங்கி அறிவிக்கும் வட்டியைப் போல் மூன்று மடங்கு கூட்டுவட்டி சேரும். முதலிலேயே பில்லில் இதனை ஒரு வரி அச்சிட்டுவிடுங்கள். கெஞ்சிக் கேட்பவனுக்கும் சட்டத்தைச் சுட்டிக் கேட்பவனுக்கும் வரும் பதில் ஒன்றாக இராது.

அடுத்து, இந்த உரையில் நான் நெடுநேரம் நிற்க விரும்பும் இடம்: காற்று. இத்தொழிலின் முதலும் காற்று, எமனும் காற்று.

2016 மார்ச்சு மாதம் இங்கிலாந்தின் ஹார்லோ நகரில், ஒரு பூங்காத் திருவிழாவில் காற்றுக் கோட்டை கட்டவிழ்ந்து உருண்டோடிற்று. உள்ளே இருந்த ஏழு வயதுச் சிறுமி மாண்டாள். அதனை நடத்திய இருவருக்கு 2018-ல் மூன்றாண்டுச் சிறைத் தண்டனை கிடைத்தது. 2021 டிசம்பர் 16 அன்று ஆஸ்திரேலியாவின் டாஸ்மேனியாவில் டெவன்போர்ட் நகரப் பள்ளியில் ஆண்டிறுதிக் கொண்டாட்டம். திடீரென எழுந்த சுழற்காற்று கோட்டையை வானில் தூக்கியது. ஆறு குழந்தைகள் இறந்தார்கள். எட்டு இடங்களில் கட்ட வேண்டிய கோட்டை நான்கு முளைகளில்தான் கட்டப்பட்டிருந்தது. எட்டும் இருந்திருந்தாலும் அந்தச் சுழற்காற்றைத் தாங்கியிருக்கும் என்று உறுதியாகச் சொல்ல முடியாது எனக் கூறி 2025-ல் நீதிமன்றம் நடத்துநரை விடுவித்தது. சட்டம் விடுவித்தது. அந்த ஊரில் அவர் இனி எந்தத் தெருவில் நடப்பார் என்று எண்ணிப் பாருங்கள்.

நம் நாட்டிலும் சட்டம் உண்டு. 2024 ஜூலை முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நியாய சன்ஹிதாவின் 106-ஆம் பிரிவுப்படி, கவனக்குறைவால் மரணம் விளைவித்தவருக்கு ஐந்தாண்டு வரை சிறை. வழக்கு என்று வந்தால் நம் பிள்ளைக்கு ஜாமீன் கொடுக்கவும் ஊரில் ஆள் கிடைப்பது அரிது. இதை நான் கசப்புடன் சொல்லவில்லை, தெரிந்ததைச் சொல்கிறேன்.

பதினைந்தடி அகலமும் பத்தடி உயரமும் உள்ள சுவரின்மேல் மணிக்கு 38 கிலோமீட்டர் வேகத்தில் காற்று மோதினால் 90 கிலோவுக்கு மேற்பட்ட விசையுடன் அதைத் தள்ளும். வேகம் இரட்டித்தால் விசை இரட்டிப்பதில்லை, நான்கு மடங்காகிறது. ஆகவேதான் ஐரோப்பிய விதிமுறை 38 கிலோமீட்டருக்கு மேல் காற்று வீசினால் கோட்டையை இயக்கக் கூடாது என்கிறது. குறைந்தது ஆறு இடங்களில் கட்ட வேண்டும், ஒவ்வொரு கட்டும் 163 கிலோ எடைக்குச் சமமான இழுவையைத் தாங்க வேண்டும் என்கிறது. மண் தரையில் முழ நீள இரும்பு முளையைச் சாய்வாக, தலை மட்டும் தெரிய அடிக்க வேண்டும். ஏரிப் படுகையைத் தூர்த்து மனை போட்ட நம் பகுதிகளில் மழைக்குப் பின் மண் வெண்ணெய் போல் இளகிவிடும்; காலையில் உறுதியாக நின்ற முளை மாலையில் கையோடு வரும். ஒவ்வொரு மணிக்கும் இழுத்துப் பாருங்கள். சிமெண்டுத் தரையில் முளை இறங்காது. அங்கே இரண்டு செங்கல்லையும் ஒரு மணல் மூட்டையையும் வைத்துக் கட்டுவதை நான் பல இடங்களில் கண்டிருக்கிறேன். அது கண்துடைப்பு. 200 லிட்டர் நீல நிறப் பீப்பாயில் தண்ணீர் நிரப்பினால் 200 கிலோ. ஒவ்வொரு கட்டுக்கும் ஒன்று, அடியில் கயிற்றைச் சுற்றிக் கட்ட வேண்டும். தண்ணீர் தர மாட்டேன் என்று வீட்டுக்காரர் சொன்னால் கோட்டையை வண்டியிலிருந்து இறக்காதீர்கள்.

மொட்டை மாடியில் ஒருபோதும் வேண்டாம். பிறந்தநாளை மாடியில் கொண்டாடுவது நம் ஊர் வழக்கமாகிவிட்டது. கீழே இடமில்லை, மாடியில் போடு, இருநூறு ரூபாய் கூடத் தருகிறேன் என்பார்கள். மாடியில் காற்று தரையைவிட வலிது. அங்கிருந்து தூக்கி எறியப்பட்டால் கீழே தெரு. அந்த வாடகையை வேண்டாம் என்று சொல்லத் தெரிந்தவரே இத்தொழிலில் முதுமையடைவார்.

நம் பகுதிக்கென்று ஒரு சிக்கலும் உண்டு. ஆடிக் காற்றில் அம்மியும் பறக்கும் என்றார்கள் முன்னோர். அந்த ஆடியில்தான் திருவேற்காட்டிலும் மாங்காட்டிலும் பெரியபாளையத்திலும் தெருவுக்குத் தெரு உள்ள அம்மன் கோயில்களிலும் கூட்டம். அப்பொழுதுதான் நமக்கு வாடகை. வருமானத்தின் மாதமும் ஆபத்தின் மாதமும் ஒன்றே. ஆடி முதல் புரட்டாசி வரை மாலை இடிமழை பெரும்பாலும் மேற்கிலிருந்து வருகிறது. ஆகவே சென்னை நகரத்தார் வானம் வெளிறியிருக்கையில் ஆவடியிலும் பட்டாபிராமிலும் முதற்காற்று வீசிவிடும். மழைக்கு முன் குளிர்ந்த காற்று ஒரு வீச்சு வரும், அதுவே அடி. திருவள்ளூர்த் திசை கருத்தால், இடியொலி கேட்டால், பணம் கொடுத்தவர் எவ்வளவு வற்புறுத்தினாலும் குழந்தைகளை இறக்கிக் காற்றை வெளியேற்றிவிடுங்கள். கையடக்கமான காற்றுமானி சில ஆயிரம் ரூபாயில் கிடைக்கிறது, வாங்குங்கள். அது கையில் இல்லாத நேரத்தில் மரத்தைப் பாருங்கள். தூசியும் தாளும் கிளம்பினால் எச்சரிக்கை. இலையடர்ந்த சிறு மரங்கள் முழுதும் ஆடத் தொடங்கினால் எல்லை.

மின்சாரத்தைப் பற்றிச் சுருங்கச் சொல்வேன். தெருக் கம்பியில் கொக்கி போடும் பழக்கம் குற்றம் மட்டுமன்று, கொலைக்கருவி. வெறுங்காலுடன் ஈரத்தரையில் குழந்தைகள் ஓடும் இடத்தில் 30 மில்லி ஆம்பியர் கசிவிலேயே துண்டிக்கும் கருவியை நம் பெட்டியிலேயே கொண்டுசெல்ல வேண்டும். வீட்டுக்காரரின் இணைப்பை நம்பக் கூடாது. மின்சாரம் நின்றுவிட்டால் ஜெனரேட்டரை நோக்கி ஓடாதீர்கள். குழந்தைகளை நோக்கி ஓடுங்கள். சுவர் மேலே விழுந்து மூச்சு முட்டுவதற்குள் அவர்கள் வெளியே இருக்க வேண்டும். பெரிய பிள்ளைகளையும் மூன்று வயதுச் சிறாரையும் ஒன்றாக ஏற்றுவதே அன்றாடக் காயங்களுக்குப் பெருங்காரணம். சித்திரை வெயிலில் நண்பகலில் அந்தத் துணியின்மேல் உங்கள் உள்ளங்கையை வைத்துப் பாருங்கள். மாலை நான்கு மணிக்கு முன் ஏன் திறக்கக் கூடாது என்று விளங்கும். வாயிலில் நிற்பவர் கைப்பேசியைப் பார்க்கக் கூடாது. இப்பணிக்குப் பெண்கள் மிகப் பொருத்தமானவர்கள் என்பது என் கருத்து. குழந்தையும் அடங்கும், குழந்தையைக் கொண்டுவந்த தாயும் சொல் கேட்பாள்.

மழைக்காலம். ஐப்பசியும் கார்த்திகையும் வரவில்லாத மாதங்கள். 2015 டிசம்பர் வெள்ளத்தையும், 2016 டிசம்பர் 12 அன்று வர்தா புயலையும், 2023 டிசம்பரில் மிக்சாங் புயல் மழையில் அம்பத்தூரும் கொரட்டூரும் ஆவடியும் நீரில் நின்றதையும் கண்டவர்கள் நாம். தரைத்தளக் கிடங்கில் கோட்டையைச் சுருட்டிவைத்தவர் அதனை இழப்பார். பரண் வேண்டும். ஈரத்துடன் சுருட்டினால் பூஞ்சை பிடிக்கும்; அந்த வாடை பிறகு போகாது. சுருட்டிய துணிக்குள் எலி கூடு கட்டும். ஒரு எலி ஒரே இரவில் ஐந்து மடிப்பையும் கடித்துவிடும். மாதம் ஒருமுறை விரித்து வெயிலில் காட்டி, சோப்புத் தண்ணீரால் துடைத்து வையுங்கள். தையலுக்கு வெளியூர் அனுப்ப வேண்டியதில்லை. சீருடைத் தொழிற்சாலையால் தையற் கலை ஊறிய ஊர் ஆவடி. ஓய்வுபெற்ற தையற்காரர்கள் நம் தெருக்களிலேயே இருக்கிறார்கள். நைலான் நூலும் தடித்த ஊசியும் கொடுத்தால் கம்பெனியைவிட நன்றாகத் தைப்பார்கள். அவரிடம் நம் பிள்ளைகள் இருவராவது அதைக் கற்றுக்கொண்டால், ஆண்டில் மழை பெய்யும் மூன்று மாதமும் பிறருடைய கோட்டைகளைத் தைத்துப் பிழைக்கலாம். தொழிலுக்குள் இன்னொரு தொழில் அது.

உழைத்துத் தேய்ந்த துணியைப் போகியன்று கொளுத்தாதீர்கள். பி.வி.சி. எரிந்தால் கண்ணையும் நுரையீரலையும் அரிக்கும் ஹைட்ரஜன் குளோரைடு வரும். டயாக்சின் என்னும் நஞ்சும் வரும். குப்பைமேடுகளின் அருகே யாருடைய குடியிருப்புகள் இருக்கின்றன? நம்முடையவை. நம் புகையை நாமே குடிப்பதா? நல்ல பகுதிகளை வெட்டிக் கூரை மூடவும் வண்டிக்கு உறை தைக்கவும் கொடுத்துவிடலாம்.

கிடங்கு என்றேன். அங்கேதான் சாதி வந்து நிற்கிறது. வாடகைக்குக் கிடங்கு கேட்டால், எந்த ஊர், எந்தத் தெரு என்று தொடங்கி, நீங்கள் எந்த ஆட்கள் என்பதில் கொண்டுவந்து நிறுத்துவார்கள். விழா வீட்டிலும் தண்ணீர் கேட்டால் பிளாஸ்டிக் குவளையைத் தேடுபவர் உண்டு. ஊர்த் திருவிழாவில், கோட்டையைத் தேரடியில் போடாதே, சேரிப் பக்கமாகத் தள்ளிப் போடு என்றவர்களும் உண்டு. இதே திருவிழாக்களுக்கு நம் பாட்டனார் பறையுடன் சென்றார்கள். அந்தக் கலை உயர்ந்தது. அழைத்த முறை இழிந்தது. கூலி கொடுப்பவர் விருப்பம். மறுக்கும் உரிமை அடிப்பவருக்கு இல்லை. இன்று அவருடைய பேரன் அதே திடலுக்கு வாடகை ஒப்பந்தத்துடன் போகிறான். ஒப்பந்தம் எழுதாமல், முன்பணம் வாங்காமல், ஊர்ப் பெரியவர் சொன்னார் என்று போனால் பழைய முறையே புது வடிவில் திரும்பிவிடும். இடம், நேரம், தொகை, காற்று வீசினால் நிறுத்தும் உரிமை ஆகிய நான்கையும் தாளில் எழுதிக் கையெழுத்து வாங்குங்கள். பாதித் தொகை முன்னரே கைக்கு வரட்டும்.

கோட்டைக்குள் ஏறிய குழந்தைகள் யார் வீட்டுப் பிள்ளை என்று கேட்டுக்கொண்டு குதிப்பதில்லை. இறங்கிய பின்னர் பெரியவர்கள் கற்பிக்கிறார்கள். இதனை ஒரு பெரிய சமூகப் புரட்சியாக நான் கூறமாட்டேன். அரை மணி நேரம் மட்டுமே நீடிக்கும் சமத்துவம் அது.

மாணவர்களுக்கு ஒரு சொல். இத்தொழிலில் பெரும்பகுதி சனி, ஞாயிறு மாலைகளில் நடக்கும். கல்லூரியில் படித்துக்கொண்டே செய்ய இயலும். ஆபத்து முகூர்த்த நாள்களில்தான். புதன்கிழமை முகூர்த்தத்திற்காக வகுப்பை விடுபவன் அடுத்து தேர்வையும் விடுவான். பதினான்கு வயதுக்குட்பட்ட சிறுவனைக் கூலிக்கு அமர்த்துவது சட்டப்படி குற்றம். பதினாறு வயதுத் தம்பியையும் பள்ளி நாளில் அழைக்காதீர்கள். அண்ணல் 1945-ல் மக்கள் கல்விக் கழகத்தை நிறுவி, மறு ஆண்டே பம்பாயில் சித்தார்த்தா கல்லூரியைத் திறந்தார். வேலைக்குப் போகும் ஏழை மாணவர் படிக்க வேண்டும் என்று காலை வகுப்புகள் நடத்திய கல்லூரி அது. உழைப்பும் படிப்பும் ஒன்றையொன்று வெட்ட வேண்டியதில்லை என்பதை அவர் காட்டியிருக்கிறார். நேரத்தைப் பிரித்து வைப்பது நம் கடமை.

இறுதியாகச் சங்கத்திற்கு ஒரு வேண்டுகோள். ஒவ்வோர் இளைஞனும் தனித்தனியே கோட்டை, ஜெனரேட்டர், பீப்பாய், காற்றுமானி, கிடங்கு என்று அனைத்தையும் வாங்கினால் கடன்தான் பெருகும். 1989-ல் தருமபுரியில் மகளிர் சுயஉதவிக் குழுக்கள் தொடங்கிய நாள் முதல், சேர்ந்து சேமித்தால் வங்கி மதிக்கும் என்பதைத் தமிழ்நாட்டுப் பெண்கள் மெய்ப்பித்திருக்கிறார்கள். நம் உறுப்பினர் ஐவர் சேர்ந்து இரண்டு கோட்டைகளை வைத்துக்கொள்ளலாம். ஜெனரேட்டரும் முளைகளும் மின்கசிவுப் பெட்டியும் பொதுவாக இருக்கட்டும். சங்கக் கட்டிடத்தின் மாடி அறை பழைய நாற்காலிகளுடன் பூட்டிக் கிடக்கிறது. நாற்காலிகளைப் பழுதுபார்த்து அவற்றையும் வாடகைக்கு விட்டுவிட்டு, அவ்வறையைக் கிடங்காக்கலாம். நியாயமான வாடகையைச் சங்கம் பெறட்டும்; இலவசமாகக் கொடுக்க வேண்டாம், இலவச அறையை எவரும் கூட்டிப் பெருக்குவதில்லை. வரும் செயற்குழுவில் தலைவர் அவர்கள் இதனைப் பொருளாகச் சேர்க்க வேண்டுகிறேன். சாவி யாரிடம் இருப்பது, வாடகைக் குறிப்பேட்டை யார் எழுதுவது என்பதை அன்றே தீர்மானித்துவிட வேண்டும். ஆடி மாதத்திற்கு முன்னால் அறையைக் காலி செய்தாக வேண்டும்.